பட்டாபியிலிருந்து இளம்பருதி வரை: தொலைக்காட்சி நகைச்சுவை நடிகரும் குணச்சித்திர நடிப்பும்

1. ஆய்வுப் பொருள்

71-ஆவது தேசியத் திரைப்பட விருதுகள் 2025 ஆகஸ்ட் 1 அன்று அறிவிக்கப்பட்டன. சிறந்த துணை நடிகர் விருதை இருவர் பகிர்ந்துகொண்டனர். ஒருவர் 'பூக்காலம்' மலையாளப் படத்தில் நடித்த விஜயராகவன், நாடகாசிரியர் என். என். பிள்ளையின் மகன். மற்றவர் 'பார்க்கிங்' படத்தில் இளம்பருதி என்ற அரசு அலுவலராக நடித்த எம். எஸ். பாஸ்கர். தமிழ்நாட்டின் பல வீடுகளில் அவர் இன்றும் 'சின்ன பாப்பா பெரிய பாப்பா' பட்டாபிதான். திரையில் அவர் செய்த வேடங்களின் பட்டியல் நீளமானது. ஆனாலும் வாரந்தோறும் வீட்டுக்குள் வந்துபோன ஒரு பெயர் அந்தப் பட்டியலையெல்லாம் பின்னுக்குத் தள்ளி நிற்கிறது.

இத்தகைய நடிகரின் வாழ்க்கையைச் சொல்ல வழக்கமான ஒரு சட்டகம் இருக்கிறது: சின்னத்திரையில் சிரிக்க வைத்தார், பெரிய திரைக்கு ஏறினார், பின்னர் 'நடிக்கவும் தெரியும்' என்று நிரூபித்தார். இச்சட்டகம் நகைச்சுவையை ஒரு வாசற்படியாகவும், அழ வைப்பதை வீட்டின் உள்ளறையாகவும் கருதுகிறது. இக்கட்டுரை அதை மறுக்கிறது. பாஸ்கருக்கு விருது பெற்றுத்தந்த நடிப்பின் கருவிகள் தொலைக்காட்சி நகைச்சுவைக்குள்ளேயே உருவானவை. 'பார்க்கிங்' படத்தில் அவர் புதிதாக ஒரு கலையைக் கற்றுக்கொண்டு வரவில்லை. பழைய கலையிலிருந்து சிரிப்பொலியை மட்டும் நீக்கினார்.

2. எல்லையும் அளவுகோலும்

ஆய்வின் மையம் ஒரு நடிகரின் தொழில்வாழ்வு. அதற்கு வெளிச்சம் தரும் அளவுக்கு மட்டுமே பிற நடிகர்கள் ஒப்புநோக்கப்படுகின்றனர். தொழில்நிலம் மேற்குச் சென்னை: சாலிகிராமம், வளசரவாக்கம், போரூர் எனத் தொடங்கி மதுரவாயல், வானகரம் வழியாகப் பூந்தமல்லிக்கும் செம்பரம்பாக்கத்துக்கும் நீளும் பகுதி.

அளவுகோல் தொல்காப்பிய மெய்ப்பாட்டியல். எண்வகை மெய்ப்பாடுகளில் முதலில் வைக்கப்பட்டிருப்பது நகை. அது எள்ளலிலும், இளமையிலும், பேதைமையிலும், மடமையிலும் பிறக்கும் என்று நூல் நான்கு நிலைக்களன்களை வகுக்கிறது. எள்ளல் என்பதற்கு உரைகாரர் இரு பக்கமும் காண்பர்: ஒருவன் பிறரை எள்ளுவதும் உண்டு, அவனே பிறரால் எள்ளப்படுவதும் உண்டு. அழுகைக்குரிய நான்கில் இழவு ஒன்று. உயிரையோ உடைமையையோ இழத்தல். வெகுளிக்குரிய நான்கில் இரண்டு நமக்குத் தேவை: குடிகோள், அதாவது ஒருவனது குடியை, அவன் சார்ந்தோரை நலிதல், அலை, அதாவது வைதும் வருத்தியும் அலைக்கழித்தல்.

நகைச்சுவை நடிகர்களைத் தமிழ்த் திரை மதிப்புக்குரியவர்களாக மாற்றும்போது பெரும்பாலும் நகையிலிருந்து அழுகைக்கு, அதிலும் இழவுக்கு, கொண்டுபோகிறது. நகையிலிருந்து வெகுளிக்குப் போகும் பாதை குறைவாகவே பயன்படுத்தப்பட்டிருக்கிறது. பாஸ்கரின் தொழில்வாழ்வு இவ்விரு பாதைகளையும் ஒரே உடலில் ஒப்பிட்டுப் பார்க்க வாய்ப்பளிக்கிறது. அவரை இவ்வாய்வுக்குத் தேர்ந்ததற்குக் காரணம் அதுவே.

3. முன்வரலாறு: சபா மேடையிலிருந்து வரவேற்பறைக்கு

3.1 மேடை தந்த பெயர்கள்

தமிழ் நகைச்சுவை நடிகர்கள் பலரின் பெயருக்கு முன்னால் ஒரு வேடம் நிற்கும். கொட்டகையிலும் சபாவிலும் ஒரு பாத்திரம் பிடித்துப்போனால் கூட்டம் அதை நடிகரின் பெயரோடு சேர்த்துவிடும். சோவின் 'இஃப் ஐ கெட் இட்' நாடகத்தில் ஏற்ற வேடத்தால் ராமமூர்த்தி 'காத்தாடி' ராமமூர்த்தி ஆனார். நாடகத்தில் தேங்காய் வியாபாரியாக வந்த சீனிவாசன் 'தேங்காய்' சீனிவாசன் ஆனார். 'மேஜர் சந்திரகாந்த்' நாடகம் சுந்தரராஜனுக்குப் பதவியே கொடுத்தது. நாடக நடிகருக்கு ஒரு வேடம் நூறு மேடை ஏறும். ஆனால் ஒவ்வொரு மேடையிலும் கூட்டம் புதிது. அந்தப் புதுக்கூட்டத்துக்கு நடிகரை உடனே அடையாளம் காட்டும் விளம்பரப் பலகையாக இப்பெயர்கள் பயன்பட்டன.

3.2 தொலைக்காட்சியின் மூன்று கட்டங்கள்

முதற்கட்டம் 1975 ஆகஸ்ட் 15-ல் தொடங்கிய சென்னைத் தொலைக்காட்சி நிலையம். சபா நாடகக் குழுக்கள் தங்கள் மேடை வழக்கத்தோடு தூர்தர்ஷனுக்குள் நுழைந்தன. எஸ். வி. சேகரின் நாடகப்பிரியா குழுவுக்காகக் கிரேசி மோகன் எழுதிய 'கிரேசி தீவ்ஸ் இன் பாலவாக்கம்' 1976-ல் மேடையேறியது. வார்த்தைக்கு வார்த்தை அடுக்கும் அந்தப் பாணிதான் பின்னர் தொலைக்காட்சி நகைச்சுவையின் இலக்கணமானது. மைலாப்பூர்க் காதுக்குப் பழகிய பேச்சு மாநிலம் முழுவதும் ஒலித்தது.

இரண்டாம் கட்டம் தனியார் அலைவரிசைகள். சன் டிவி 1993 ஏப்ரல் 14-ல் தொடங்கியது. அடுத்த ஆண்டு ராஜ் டிவி வந்தது. கே. பாலசந்தரின் மின்பிம்பங்கள் நிறுவனத்துக்காக நாகா இயக்கிய 'ரமணி வெர்சஸ் ரமணி' கணவன் மனைவிச் சச்சரவை ஒரு வீட்டின் நான்கு சுவருக்குள் அடக்கியது. ஒவ்வொரு வாரமும் சிக்கல் புதிது, மனிதர்கள் பழையவர்கள் என்னும் வடிவம் நிலைபெற்றது.

மூன்றாம் கட்டம் பரவல். 2006-ல் பதவிக்கு வந்த தி.மு.க. அரசு ஒன்றரைக் கோடிக்கும் மேற்பட்ட வண்ணத் தொலைக்காட்சிப் பெட்டிகளை இலவசமாக வழங்கியது. ஆதித்யா, சிரிப்பொலி என்று நகைச்சுவைக்கென்றே தனி அலைவரிசைகள் வந்தன. அவை காட்சிகளைத் துண்டு துண்டாக வெட்டி நாள் முழுதும் திரும்பத் திரும்ப ஓட்டின. கதை கழன்று விழுந்தது. முகமும் குரலும் மிஞ்சின.

4. பாஸ்கரின் பயிற்சி

4.1 பிறப்பும் தொடக்கமும்

முத்துப்பேட்டை சோமு பாஸ்கர் என்பதே எம். எஸ். பாஸ்கர். 1957-ல் பிறந்தவர். பெயரின் முதலெழுத்தில் நிற்கும் முத்துப்பேட்டை இன்று திருவாரூர் மாவட்டத்தில் உள்ளது. மேடையில் நடித்துப் பழகி, 1987-ல் விசுவின் 'திருமதி ஒரு வெகுமதி' படத்தில் சிறு வேடத்தில் தோன்றினார். அந்தத் தோற்றத்துக்கும் பரவலாக அறியப்பட்டதற்கும் இடையே பல ஆண்டுகள் ஓடின. அந்த இடைவெளியில் அவர் வெறுமனே காத்திருக்கவில்லை. முகம் தெரியாத ஒரு தொழிலைச் செய்துகொண்டிருந்தார்.

4.2 ஒலிக்கூடம் என்னும் பள்ளிக்கூடம்

அத்தொழில் பின்னணிக் குரல் கொடுப்பது. திரைத்துறையில் 'டப்பிங்' என்றால்தான் புரியும். பாஸ்கரின் குடும்பத்துக்கே அதில் நெருக்கமான தொடர்பு உண்டு. அவர் சகோதரியும் மகளும் டப்பிங் கலைஞர்கள். இப்பயிற்சியைச் சற்று விரித்துப் பார்ப்பது அவசியம், ஏனெனில் அவரது நடிப்பின் வேர் இங்கேதான் இருக்கிறது.

ஃபிலிம் காலத்தில் பேச வேண்டிய காட்சித் துண்டை வளையமாக ஒட்டித் திரையில் சுற்றவிடுவார்கள். அதுவே 'லூப்'. கலைஞர் மைக் முன்னால் நின்று, அந்தச் சில நொடிக் காட்சி திரும்பத் திரும்ப வருவதைப் பார்த்து, திரையில் உள்ளவரின் உதடு திறக்கும் நொடியில் தொடங்கி மூடும் நொடியில் முடிக்க வேண்டும். அரை நொடி பிந்தினாலும் ஒட்டாது. இதில் மூன்று திறன்கள் கூர்மையாகின்றன. முதலாவது அளவு: தெலுங்கிலோ இந்தியிலோ பேசப்பட்ட நீளத்துக்குள் தமிழ் வாக்கியத்தை அடக்கிப் பேசுவது. இரண்டாவது சொல்லல்லாத ஒலி: இருமல், பெருமூச்சு, 'ம்', 'ஹா', தொண்டைக் கனைப்பு, அழுகைக்கு முந்தைய மூச்சுத் திணறல் ஆகியவற்றை உடலை அசைக்காமல் வரவழைப்பது. மூன்றாவது பன்மை: ஒரே நாளில் கிழவர், ரவுடி, கூட்டத்தில் கத்தும் ஒருவர், டீக்கடைக்காரர் என மாறுவது.

முகம் காட்டாத இந்தப் பயிற்சிக்கு ஒரு விளைவு உண்டு. தன் உடலைப் பார்வையாளர் கவனிக்கிறார்களா என்ற கவலை கலைஞருக்கு இராது. பாத்திரத்தைக் குரலிலிருந்து கட்டத் தொடங்குவார். உடல் பின்னால் வரும். பாஸ்கரின் எந்த வேடத்தையும் கண்ணை மூடிக் கேட்டால் ஆளின் வயதையும் வர்க்கத்தையும் மனநிலையையும் சொல்லிவிடலாம். அழகிய முகமோ விநோத உடலமைப்போ முதலாக இல்லாத ஒரு நடிகருக்கு இதுவே மூலதனம்.

5. பட்டாபி: திரும்ப வருவதன் கலை

'சின்ன பாப்பா பெரிய பாப்பா' சன் டிவியில் வந்த நகைச்சுவைத் தொடர். மாமியார் மருமகள் போட்டியே அதன் அச்சு. நளினி, நிரோஷா போன்ற எண்பதுகளின் கதாநாயகிகள் தங்கள் கவர்ச்சிப் பிம்பத்தைத் தாங்களே கேலி செய்துகொண்டு நடித்தனர். அந்தக் கூட்டத்தில் பட்டாபியாக வந்தவர் பாஸ்கர். ராதிகாவின் 'செல்வி' போன்ற நெடுந்தொடர்களிலும் அவர் நடித்தார். ஆனால் ஒட்டிக்கொண்ட பெயர் பட்டாபி.

வாராந்திர நகைச்சுவைப் பாத்திரத்தின் இயக்கத்தை நான்கு கூறுகளாகப் பிரிக்கலாம்.

முதலாவது மாறாமை. திரைப்படப் பாத்திரம் இரண்டரை மணி நேரத்தில் எதையாவது கற்றுக்கொள்ளும். தொடர்ப் பாத்திரம் எதையும் கற்கக் கூடாது. சென்ற வாரம் பட்ட அடியை இந்த வாரம் மறந்துவிட வேண்டும். தொல்காப்பியம் சொல்லும் மடமையின் ஒரு வடிவம் இது: கொண்டதை விடாமை.

இரண்டாவது எள்ளலின் இருமுனை. நல்ல தொடர் நடிகர் மற்றவரைக் கேலி செய்யும் அதே வேளையில் தானும் கேலிக்கு ஆளாவார். கேலி மட்டும் செய்பவரை வாரந்தோறும் வீட்டுக்குள் விட யாரும் விரும்பமாட்டார்கள். அடி மட்டும் வாங்குபவர் சலித்துப்போவார்.

மூன்றாவது தன்மானம். தன்னைப் பற்றி உயர்ந்த எண்ணம் இருப்பவரே சிரிப்புக்குரியவர். உலகம் தனக்குரிய மரியாதையைத் தரவில்லை என்ற குறை அவருக்குள் ஓயாமல் இருக்க வேண்டும். இக்கூறு எட்டாம் பகுதியில் மீண்டும் தேவைப்படும்.

நான்காவது தயாரிப்பு முறை. தமிழ்த் தொடர்களில் நடிகர் வசனத்தை மனப்பாடம் செய்துகொண்டு வருவது அரிது. உதவி இயக்குநர் கேமராவுக்குப் பக்கத்தில் நின்று வரியை உரக்கச் சொல்வார். நடிகர் அதைக் கேட்டுத் திருப்பிச் சொல்வார். 'பிராம்ப்டிங்' என்பார்கள். பிறகு ஒலிக்கூடத்தில் குரல் தனியாகப் பதிவாகும். வரியைக் கேட்கும் நொடிக்கும் சொல்லும் நொடிக்கும் இடையில் நடிகரின் கண் செத்துப்போவது இம்முறையின் பெருங்குறை. அடுத்தவர் சொல்லுக்குக் காத்திருக்கும் வெறுமை முகத்தில் தெரியும். நகைச்சுவையில் அந்த வெறுமையையே பேதைமையாக மாற்றிவிட முடியும். டப்பிங் பழக்கம் உள்ளவருக்கு இது இரட்டை அனுகூலம். படப்பிடிப்பில் விட்ட இடைவெளியை ஒலிக்கூடத்தில் ஒரு முனகலாலோ இழுப்பாலோ நிரப்பித் தன் காட்சியைத் தானே மறுபடி செதுக்கிக்கொள்ளலாம்.

இந்நான்கும் சேரும்போது பெயர் ஒட்டிக்கொள்கிறது. ஆனால் 3.1-இல் கண்ட மேடைப் பெயர்களிலிருந்து இது ஒரு விதத்தில் வேறுபடுகிறது. காத்தாடியும் தேங்காயும் நடிகரின் பெயருக்கு முன்னொட்டாகி அவரை வளர்த்தன. தொலைக்காட்சியில் வேடத்தின் பெயர் நடிகரின் பெயரையே மறைத்துவிடுகிறது. தெருவில் பார்ப்பவர் 'பட்டாபி' என்று கூப்பிடுவார். பாஸ்கர் என்ற பெயர் பலருக்குப் பின்னரே தெரியும். முகத்துக்குக் கிடைத்த அன்பு பெயருக்குப் போய்ச் சேராதபோது சம்பளப் பேச்சில் நடிகரின் கை தாழ்ந்தே இருக்கும்.

6. தொழில்நிலம்: வானகரத்தைச் சுற்றி

கோடம்பாக்கமும் வடபழனியும் ஸ்டுடியோக்களின் ஊர். தொலைக்காட்சித் தொடருக்கு ஸ்டுடியோ தளம் கட்டுப்படியாகாது. அதற்கு வேண்டியது மாடிப்படி தெரியும் ஒரு கூடம், பூஜையறை, சமையல்கட்டு, வாசலில் ஒரு கார் நிற்கும் இடம் உள்ள வீடு. அப்படிப்பட்ட வீடுகள் 'ஷூட்டிங் ஹவுஸ்' என்ற பெயரில் சாலிகிராமத்திலும் வளசரவாக்கத்திலும் வாடகைக்குக் கிடைத்தன. வாடகை ஏற ஏற வேலை போரூரைத் தாண்டி மேற்கே நகர்ந்தது. செம்பரம்பாக்கத்தின் ஈவிபி ஃபிலிம் சிட்டி பெரும் படங்களுக்கும் தொலைக்காட்சி நிகழ்ச்சிகளுக்கும் களமானது. 2020 பிப்ரவரியில் 'இந்தியன் 2' படப்பிடிப்பில் கிரேன் சரிந்து மூவர் இறந்ததும் அங்கேதான்.

வானகரம் இந்தப் பாதையின் நடுவில் இருக்கிறது. பூந்தமல்லி நெடுஞ்சாலை அதன் ஊடே செல்கிறது; தாம்பரத்தையும் புழலையும் இணைக்கும் புறவழிச்சாலை பக்கத்தில் குறுக்கிடுகிறது. நகர எல்லையை ஒட்டிய ஊராட்சியாக இருந்துகொண்டே திருமண மண்டபங்களும் மருத்துவமனையும் அடுக்குமாடிகளும் நிறைந்த இடமாகிவிட்டது. ஒரு கிரவுண்டு மனையில் கீழே ஒரு போர்ஷன், மேலே ஒரு போர்ஷன் கட்டி வாடகைக்கு விடுவது இப்பக்கத்து வழக்கம். அம்பத்தூர்த் தொழிற்பேட்டையிலும் ஆவடிக் கனரக வாகனத் தொழிற்சாலையிலும் ஷிப்டு முடிந்து வந்தவர்கள் இந்தப் போர்ஷன்களில் உட்கார்ந்து தொடர் பார்த்தனர். தொடரை எடுத்த வீடும் பார்த்த வீடும் ஒரே அச்சு. மாமியார் மருமகள் சண்டைக்கு அரங்க அமைப்பாளர் கற்பனை செய்ய வேண்டிய தேவையே இல்லாமல் போனது இதனால்தான்.

தொழிலின் பொருளாதாரமும் இங்கேயே தெரிகிறது. தொடர் நடிகருக்கு நாள் கணக்கில்தான் கூலி. கால்ஷீட் கொடுத்த நாளில் படப்பிடிப்பு ரத்தானால் அந்த நாள் போயிற்று. மறு ஒளிபரப்பு எத்தனை முறை ஓடினாலும் நடிகருக்குத் தனியாகப் பணம் வருவது வழக்கமில்லை. 2012-ல் திருத்தப்பட்ட பதிப்புரிமைச் சட்டம் நிகழ்த்துகலைஞரின் பங்குத்தொகையைப் பற்றிப் பேசினாலும், நகைச்சுவை அலைவரிசையில் ஓடும் துண்டுக்காட்சிகள் வரை அது இறங்கி வரவில்லை. 2020 மார்ச்சில் கொரோனாவால் படப்பிடிப்புகள் நின்றன. மே மாதம் தொலைக்காட்சிப் படப்பிடிப்புக்கு முதலில் 20 பேர் வரையும், பிறகு 60 பேர் வரையும் அரசு அனுமதித்தது. அந்தக் கணக்குக்குள் யாரை வைத்துக்கொள்வது என்று வந்தால், கதைக்கு இன்றியமையாத முகங்கள் உள்ளே வரும். இரண்டு வரி பேசும் நகைச்சுவை நடிகர் வெளியே நிற்பார்.

7. முதற்பாதை: நகையிலிருந்து இழவுக்கு

இரண்டாயிரங்களில் பாஸ்கர் திரையில் தொடர்ந்து தோன்றத் தொடங்கினார். 'எங்கள் அண்ணா' (2004), 'சிவகாசி' (2005) போன்ற படங்களில் அவருக்குக் கிடைத்தவை தொலைக்காட்சி வேடத்தின் நீட்சிகள். திருப்பம் ராதாமோகனின் 'மொழி' (2007). மகனை இழந்த நாளோடு காலம் நின்றுவிட்ட பேராசிரியர் ஞானப்பிரகாசம் அதில் அவர் வேடம். முதலில் அவர் பேச்சு சிரிப்பை வரவழைக்கிறது. பழைய செய்தியை இன்றைய செய்தியாகப் பேசும் பேதைமை. காரணம் தெரியவரும்போது அதே பேச்சு இழவாகிறது.

இந்தப் பாதைக்குத் தமிழில் முன்னோடி உண்டு. நாகேஷ் நூற்றுக்கணக்கான படங்களில் சிரிக்க வைத்தவர். அவருக்குத் தேசிய விருது கிடைத்தது 'நம்மவர்' (1994) படத்துக்கு; மகளைப் பறிகொடுக்கும் பேராசிரியர் வேடம். தம்பி ராமையாவின் 'மைனா' (2010) விருதிலும் சிரிப்பு துயரத்தில் போய் முடிகிறது. விருதுக்குழுக்களும் விமர்சகர்களும் நகைச்சுவை நடிகரை மதிக்க அவரிடம் கண்ணீரை அடமானமாகக் கேட்பது ஒரு மரபாகவே ஆகிவிட்டது.

ஸ்ரீகணேஷின் '8 தோட்டாக்கள்' (2017) இம்மரபைச் சற்றுத் திருப்பியது. வாழ்நாளெல்லாம் ஏமாற்றங்களைச் சுமந்த கிருஷ்ணமூர்த்தி என்ற முதியவரின் கையில் ஒரு துப்பாக்கி வந்து சேர்கிறது. தன் கதையை எதிரில் உட்கார்ந்திருக்கும் இளைஞனிடம் அவர் நீளமாகச் சொல்லும் காட்சியே படத்தின் அச்சாணி. கேமரா பெரிதாக அசைவதில்லை. பேச்சு ஏறி இறங்கும் இடங்கள், மூச்சு வாங்கும் இடங்கள், சொல்லவந்து விழுங்கும் இடங்கள் என முழுக்க முழுக்க ஒலிக்கூடப் பயிற்சியின் அறுவடை அது. ஆனாலும் பார்வையாளரின் இரக்கம் பாத்திரத்தின் பக்கம் உறுதியாக நிற்கிறது. நடிகர் இரக்கத்தைக் கேட்டுப் பெறுகிறார். நமக்கும் கொடுப்பதில் தயக்கமில்லை.

8. இரண்டாம் பாதை: நகையிலிருந்து வெகுளிக்கு

ராம்குமார் பாலகிருஷ்ணனின் 'பார்க்கிங்' 2023 டிசம்பர் 1-ல் வெளியானது. ஒரே வீட்டின் கீழ்ப்போர்ஷனில் இளம்பருதி குடும்பம். பல ஆண்டுகளாகக் குடியிருப்பவர்கள். மாடிக்குப் புதிதாக வருகிறான் கணினித்துறை இளைஞன் ஈஸ்வர் (ஹரிஷ் கல்யாண்), கர்ப்பிணி மனைவியோடு. அவன் ஒரு கார் வாங்குகிறான். வாசலில் ஒரு கார் நிற்கத்தான் இடம். இளம்பருதியின் இருசக்கர வாகனம் நெருக்கப்படுகிறது. காசு கரைவதைப் பொறுக்காதவர், கைநீட்டி லஞ்சம் வாங்காதவர், வீம்புக்காகவே தானும் ஒரு கார் வாங்குகிறார். அதற்குப் பிறகு இருவரும் கீழே இறங்கும் படிகளுக்கு முடிவில்லை.

இக்கதையைச் சுருக்கிச் சொன்னால் அது ஒரு வாராந்திர நகைச்சுவைத் தொடரின் ஓர் அத்தியாயம். மேல்வீடு, கீழ்வீடு, ஒரு கார் நிறுத்தும் இடம், விட்டுக்கொடுக்காத இருவர். வானகரத்திலோ போரூரிலோ ஒரு போர்ஷன் வீட்டின் கேட்டுக்கு முன்னால் எந்த மாலையும் நிகழக்கூடியது. ஐந்தாம் பகுதியில் பட்டாபியின் இயக்கமாகக் கண்ட கூறுகளை இங்கே வைத்துப் பார்க்கலாம்.

மாறாமை: இளம்பருதி எதையும் கற்றுக்கொள்ள மறுக்கிறார். நேற்று நடந்த அவமானத்தைத் தொடர்ப் பாத்திரம் மறந்துவிடும், இவர் மறப்பதில்லை. அந்த ஒரே மாற்றத்தால் சிரிப்பு அச்சமாகிறது.

எள்ளல்: மாடிக்காரனை இவர் எள்ளுகிறார், அவனாலும் எள்ளப்படுகிறார். தொடரில் இரண்டும் சமமாகிக் கணக்கு தீர்ந்துவிடும். இங்கே ஒவ்வோர் எள்ளலும் வட்டியோடு திரும்புகிறது. தொல்காப்பியர் வெகுளிக்குச் சொன்ன 'அலை' என்பதன் கண்கூடான வடிவம் இது.

தன்மானம்: இதுவே நடிப்பின் மையம். நேர்மையாக வாழ்ந்ததற்கு உலகம் தனக்கு மரியாதை கடன்பட்டிருக்கிறது என்பது இளம்பருதியின் கணக்கு. மகள் வயதுக்காரன் ஒருவன் தன் வாசலில் தனக்கு மேலே நிற்கும்போது அக்கணக்கு உடைகிறது. அது குடும்பத்தையே தொட்டுவிட்டதாக, குடிகோளாக, அவர் எடுத்துக்கொள்கிறார். பிடிவாதத்தால் தன் குடியையே நலிபவர் அவர்தான் என்பது மனைவியின் முகத்திலும் மகளின் முகத்திலும் தெரிகிறது, அவருக்குத் தெரிவதில்லை.

தயாரிப்பு முறை தந்த திறன்: பேச்சுக்கு முந்தைய அந்த வெறுமை. தொடரில் பேதைமைக்குப் பயன்பட்ட அதே நிலைத்த பார்வை இங்கே பகையைக் கணக்குப் போடுகிறது. தொண்டைக் கனைப்பும் முனகலும் இங்கே பயமுறுத்தலின் சிறு அளவுகள்.

இந்த வேடத்தில் பாஸ்கர் இரக்கத்தைக் கேட்கவில்லை. ஒரு காட்சியில் அவர் பக்கம் சாயும் பார்வையாளர் அடுத்த காட்சியிலேயே வெட்கப்பட நேர்கிறது. நகைச்சுவை நடிகரிடம் தமிழ்த் திரை வழக்கமாக வாங்கும் கண்ணீர் அடமானம் இல்லாமலே மதிப்பு கிடைத்தது என்பதால் இவ்விருதை வேறு விருதுகளோடு சேர்த்து எண்ணிவிட முடியாது. அதே படம் அவ்வாண்டின் சிறந்த தமிழ்ப் படமாகவும் திரைக்கதைக்காகவும் விருது பெற்றது. வேடத்துக்கு அந்த எழுத்து இடமளித்திராவிட்டால் நடிகரின் முப்பதாண்டுப் பயிற்சி மீண்டும் ஓர் உருக்கக் காட்சியில்தான் செலவாகியிருக்கும்.

9. ஒப்புநோக்கு: மற்றொரு தொலைக்காட்சி வழி

பாஸ்கர் வந்த வழி ஒன்றே தொலைக்காட்சி திறந்த வழி அல்ல. விஜய் டிவியில் ராம்பாலா இயக்கிய 'லொள்ளு சபா' திரைப்படங்களைப் பகடி செய்தது. சந்தானம், ஜீவா, மனோகர், சுவாமிநாதன், சேஷு என ஒரு கூட்டம் அங்கே உருவானது. சந்தானம் 'மன்மதன்' (2004) வழியாகத் திரைக்குப் போய் நகைச்சுவையில் முதலிடம் பிடித்து நாயகனும் ஆனார். 'கலக்கப் போவது யாரு' மேடையில் வென்ற சிவகார்த்திகேயன் நட்சத்திரமே ஆகிவிட்டார். இந்த வழியில் நடிகரின் மூலதனம் நொடிச் சாமர்த்தியமும் தன் சொந்த ஆளுமையும். வேடம் மாறும், ஆள் மாறமாட்டார். எனவே புகழ் நேராக நடிகரின் பெயருக்கே போகிறது.

ஆனால் இவ்வழியில் மேலே போனவர்கள் சிலரே. அதே மேடைகளில் கூட்டத்தைக் கட்டிப்போட்டவர்கள் பலர் 'லொள்ளு சபா', 'விஜய் டிவி' என்று நிகழ்ச்சியின் அல்லது அலைவரிசையின் பெயரை முன்னொட்டாகச் சுமந்தபடியே நின்றுவிட்டனர். வடிவேல் பாலாஜி 2020 செப்டம்பரில் மறைந்தபோது அவரது மருத்துவச் செலவு பேசுபொருளானது. சேஷு 2024 மார்ச்சிலும், ரோபோ சங்கர் நாற்பதுகளின் நடுவிலேயே 2025 செப்டம்பரிலும் மறைந்தனர். வீட்டுக்கு வீடு தெரிந்த முகமாக இருப்பதற்கும் முதுமை வரை நிலைத்த வருமானம் இருப்பதற்கும் இத்தொழிலில் தொடர்பு மிகக் குறைவு.

இவ்விடத்தில் டெல்லி கணேஷை நினைவுகூர்வது பொருந்தும். விமானப்படையில் பணியாற்றி, காத்தாடி ராமமூர்த்தியின் குழுவில் நடித்து, 'பட்டினப் பிரவேசம்' (1977) வழியாகத் திரைக்கு வந்து, 2024 நவம்பரில் மறையும் வரை நடித்துக்கொண்டிருந்தவர். மேடை, திரை, தொலைக்காட்சி மூன்றிலும் கால் வைத்திருந்ததால் ஒன்று வற்றியபோது மற்றொன்று சுரந்தது. பாஸ்கரின் நீடிப்புக்கும் காரணம் இதுவே. பட்டாபி வேடம் முடிந்தாலும் ஒலிக்கூடம் இருந்தது. நகைச்சுவை மட்டுமே தெரிந்த, ஓர் அலைவரிசையை மட்டுமே நம்பிய நடிகருக்கு அந்த இரண்டாம் கால் இல்லை.

10. முடிவுகள்

ஆய்விலிருந்து பெறப்படுவன மூன்று.

ஒன்று: தொலைக்காட்சி நகைச்சுவை குணச்சித்திர நடிப்புக்குக் கீழான படி அன்று. மாறாமை, இருமுனை எள்ளல், புண்பட்ட தன்மானம் ஆகிய அதன் கூறுகள் வெகுளிக்கு நேரடியாக உருமாறக்கூடியவை. அழுகைக்கு மாற்ற வேண்டுமானால் கதை வெளியிலிருந்து ஓர் இழப்பைக் கொண்டுவந்து கொடுக்க வேண்டும். வெகுளிக்கு மாற்ற, சிரிப்பின் கணக்கைத் தீர்க்காமல் விட்டாலே போதும்.

இரண்டு: பாஸ்கரின் தனித்தன்மை முகம் காட்டாத ஆண்டுகளில் உருவானது. நடிப்புப் பயிற்சி பற்றிய நம் பேச்சில் மேடைக்கு இடமுண்டு, திரைக்கு இடமுண்டு. டப்பிங் ஒலிக்கூடத்துக்கு இல்லை. இதைச் சரிசெய்யாமல் கடந்த நாற்பதாண்டுத் தமிழ் நடிப்பின் வரலாற்றை எழுத முடியாது. அவர் மகன் ஆதித்யா '96' (2018) படத்தில் இளவயது ராமாக நேரடியாக முகத்தோடு அறிமுகமானார். தந்தைக்குப் பெரும்பாலும் குரல் வழியாகவே திறந்த கதவு அது.

மூன்று: விருது ஒருவருக்குக் கிடைத்திருக்கிறது, முறை மாறவில்லை. நாள் கூலி, மறு ஒளிபரப்பில் பங்கின்மை, பெயரை விழுங்கும் வேடம் ஆகிய மூன்றும் அடுத்த பட்டாபிக்காக அப்படியே காத்திருக்கின்றன. துண்டுக்காட்சி ஒவ்வொன்றிலும் நடிகரின் பெயரை இடுவதற்குச் செலவே இல்லை. ஒளிபரப்புக்கு ஒரு சிறு பங்கைத் தருவதற்குச் செலவு உண்டு, ஆனால் அந்தக் காட்சிகளால் விளம்பர வருவாய் ஈட்டும் அலைவரிசைகளால் அதைத் தாங்க முடியும். அறுபத்தேழு வயதில் ஒருவர் தேசிய விருதை எட்டியதைக் கொண்டாடுவது எளிது. அதுவரை தாக்குப்பிடிக்க அவருக்கு இரண்டாவது தொழில் ஒன்று தேவைப்பட்டது என்பதே இவ்வாய்வு தரும் கணக்கு.